குணச்சித்திர நடிகர்: சொல்லும் பொருளும்

திரைப்படச் செய்திகளில் நாள்தோறும் புழங்கும் சொல் ‘குணச்சித்திர நடிகர்’. ஆங்கிலத்தில் ‘கேரக்டர் ஆக்டர்’ என்பதற்கு ஈடாகத் தமிழில் நிலைத்தது இது. படப்பிடிப்புத் தளத்தில் கேரக்டர் ஆர்ட்டிஸ்ட் என்பார்கள். எழுதும்போது குணச்சித்திர நடிகர். கதையின் நாயகனாக இல்லாமல், தனக்கென்று வயது, தொழில், பேச்சு, பழக்கவழக்கம் எல்லாம் உடைய ஒரு மனிதராகவே திரையில் வந்து போகிறவர் என்பது பொருள்.

‘கேரக்டர்’ என்பதன் வேர் கிரேக்கம். உலோகத்தில் முத்திரை பொறிக்கும் கருவியையும், அது பதித்த தடத்தையும் முதலில் குறித்தது. பிறகு மனிதனின் தனி அடையாளத்துக்கு ஆகிவந்தது. அதைத் தமிழாக்கியவர்கள் முத்திரையை விட்டுவிட்டுச் சித்திரத்தைப் பிடித்தார்கள். நல்ல முடிவு என்றே சொல்வேன். ‘மணிக்கொடி’ இதழ்க் காலத்தில் எழுத்தாளர் வ.ரா. எழுதியவை ‘நடைச்சித்திரம்’ என்று பெயர் பெற்றன. எழுத்தில் ஓர் ஆளைத் தீட்டிக் காட்டுவது சித்திரம் என்றால், நடிப்பில் தீட்டுவதும் சித்திரம்தானே.

குணம், சித்திரம் இரண்டும் வடமொழி வழி வந்தவை. ஆனால் நேற்று வந்தவை அல்ல. ‘குணமென்னும் குன்றேறி நின்றார்’ என்கிறது குறள். ‘சித்திரமும் கைப்பழக்கம் செந்தமிழும் நாப்பழக்கம்’ என்பது ஔவையின் தனிப்பாடல். தனித்தமிழ் வேண்டுமென்றால் குணத்துக்குப் பண்பு, சித்திரத்துக்கு ஓவியம் என்று மாற்றிப் ‘பண்போவிய நடிகர்’ என்று எழுதலாம். எழுதிய கையோடு அது யார் என்று விளக்க வேண்டியும் வரும். ‘கேரக்டர்’ மட்டும் தனியே வருமிடத்தில் ‘கதைமாந்தர்’ அருமையாகப் பொருந்துகிறது. கதாபாத்திரம் என்பதைவிட எனக்கு அதுவே பிடிக்கும். நடிகரைக் குறிக்க குணச்சித்திர நடிகர் போதும்.

சிக்கல் வேறிடத்தில் இருக்கிறது. ‘குணம்’ தமிழில் நல்ல பக்கமாகவே சாயும் சொல். ‘குணமான பிள்ளை’ என்றால் நல்ல பிள்ளை. நோய் தீர்ந்தால் ‘குணமாகிவிட்டது’. ‘குணம்நாடிக் குற்றமும் நாடி’ என்ற குறளிலேயே குணம் குற்றத்துக்கு எதிர்ச்சொல்லாக நிற்கிறது. சாத்துவிகம், இராசதம், தாமதம் என்று முக்குணம் பேசும் தத்துவத்தில்தான் அது நல்லது கெட்டது இரண்டையும் தழுவுகிறது. இந்தச் சாய்வு திரைத்துறைக்கும் வந்து சேர்ந்தது. குணச்சித்திர வேடம் என்றதும் கண்ணைத் துடைத்துக்கொள்ளும் தகப்பனும், குடும்பத்துக்காகத் தேயும் அண்ணனும் நினைவுக்கு வருகிறார்கள். கெட்டவனாக நடித்தால் வில்லன் நடிகர், சிரிக்க வைத்தால் நகைச்சுவை நடிகர். தமிழக அரசின் திரைப்பட விருதுகளிலும் இம்மூன்றும் தனித்தனிப் பிரிவுகள். ‘கேரக்டர்’ என்ற சொல்லுக்கு இந்த வேலி கிடையாது.

வேலிக்கு வேர் நாடக மேடையில் உண்டு. கம்பெனி நாடகங்களில் நடிகரின் பெயருக்கு முன்னால் வேடத்தின் வகை ஒட்டிக்கொள்ளும்: ராஜபார்ட், ஸ்திரீபார்ட், கள்ளபார்ட், பபூன். எந்த பார்ட்டில் சேர்ந்தாரோ அதுவே பெரும்பாலும் அவர் பிழைப்பு. அந்தப் பழக்கத்திலிருந்து பேசும்படத்துக்கு வந்தவர்கள் நடிகர்களை வகை பிரித்ததில் வியப்பில்லை. வியப்பு என்னவென்றால், நல்ல நடிகர்கள் அந்தப் பிரிவுக்குள் அடங்கவில்லை. 1947இல் ‘நாம் இருவர்’ படத்தில் வி.கே. ராமசாமி கிழவராக வந்தபோது அவருக்கு வயது 21. டி.எஸ். பாலையா 1936இல் ‘சதிலீலாவதி’யில் வில்லனாகத் தொடங்கியவர். ‘காதலிக்க நேரமில்லை’ படத்தில் நாகேஷ் அவருக்குத் திகில் கதை சொல்லும் காட்சியைப் பாருங்கள். பேச்சு, ஓசை, கை அசைவு எல்லாம் நாகேஷுடையவை. பாலையா உட்கார்ந்து கேட்கிறார், அவ்வளவுதான். கண்கள் விரிகின்றன, உடம்பு சுருங்குகிறது, பணக்கார முதலாளி பயந்துபோன சிறுவனாகிறார். அந்தக் கேட்கும் முகம் இல்லையென்றால் நாகேஷின் கதை காற்றில் போயிருக்கும்.

சொல்லின் முழுப் பரப்பையும் நடித்துக் காட்டியவர் என்று ஒருவரைச் சொல்லச் சொன்னால் டெல்லி கணேஷைச் சொல்வேன். திருநெல்வேலிப் பக்கம் வல்லநாட்டில் பிறந்து, பத்தாண்டுக் காலம் விமானப்படையில் இருந்து, டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்தவர். ‘பட்டினப் பிரவேசம்’ மூலம் அவரைத் திரைக்குக் கொண்டுவந்த கே. பாலசந்தரே அந்தப் பெயரையும் சூட்டினார். ‘சிந்து பைரவி’யில் மிருதங்க வித்துவான். ‘நாயக’னில் நாயகனை விட்டுப் பிரியாத ஐயர். ‘அபூர்வ சகோதரர்க’ளில் ஈரமற்ற வில்லன். ‘மைக்கேல் மதன காமராஜ’னில் பாலக்காட்டுத் தமிழ் பேசும் சமையற்காரர் மணி ஐயர், சாம்பாரில் மீன் விழுந்த கல்யாண வீட்டில் அவர் படும் பாட்டுக்கு இன்றும் சிரிக்கிறோம். இதில் எது குணச்சித்திரம், எது வில்லன், எது நகைச்சுவை என்று விருதுக் குழு பிரித்துக்கொள்ளட்டும். நானூறுக்கும் மேற்பட்ட படங்கள், அவற்றோடு தொலைக்காட்சித் தொடர்கள் என்று நடித்துக்கொண்டே இருந்து, 2024 நவம்பரில் தம் 80ஆம் வயதில் மறைந்தார்.

தொலைக்காட்சி இத்தகைய நடிகர்களுக்கு வேறு வகையான வாய்ப்பு. படத்தில் ஐந்து காட்சிகளில் ஓர் ஆளை நிறுவ வேண்டும். தொடரில் அதே ஆளை ஆண்டுக்கணக்கில் கலையாமல் காக்க வேண்டும். ‘சின்ன பாப்பா பெரிய பாப்பா’ தொடரில் பட்டாபியாக வீடுதோறும் போய்ச் சேர்ந்த எம்.எஸ். பாஸ்கர், ‘மொழி’ (2007) படத்தில் மகன் இறந்த 1984ஆம் ஆண்டிலேயே மனம் நின்றுபோன பேராசிரியராக வந்தார். முதலில் அவர் பேச்சைக் கேட்டுச் சிரித்த அரங்கம், காரணம் தெரிந்ததும் அடங்கிப் போனது. 2023ஆம் ஆண்டுக்கான தேசிய விருது ‘பார்க்கிங்’ படத்துக்காக அவருக்குக் கிடைத்தது.

அந்த விருதைத்தான் நாளிதழ்கள் ‘சிறந்த துணை நடிகர்’ என்று எழுதின. இங்கே இன்னொரு குழப்பம். தேசிய விருதுகளில் 1984 முதல் உள்ள பிரிவு இது. நாகேஷ் ‘நம்மவர்’ படத்துக்கும் பிரகாஷ்ராஜ் ‘இருவர்’ படத்துக்கும் பெற்றதும் இதுவே. ஆனால் கோடம்பாக்கத்தில் ‘துணை நடிகர்’ என்றால் கூட்டத்தில் ஒருவராக நின்று, நாள் கணக்கில் சம்பளம் வாங்கிச் செல்பவர். ஜூனியர் ஆர்ட்டிஸ்ட் என்பதும் அவரைத்தான். ‘துணை நடிகை கைது’ என்ற தலைப்பில் வருபவரும் ‘சிறந்த துணை நடிகை’ விருது மேடையில் நிற்பவரும் ஒரே சொல்லில் அடைபடுகிறார்கள். விருதுச் செய்தியில் ‘துணைப் பாத்திரத்தில் சிறந்த நடிகர்’ என்று எழுதினால் தீர்ந்தது. துணை என்பது வேடத்தின் அளவைச் சொல்கிறது. நடிகரின் தகுதியை அல்ல. குணச்சித்திரம் என்பது நடிப்பின் தன்மை. ஒருவர் துணைப் பாத்திரத்தில் வந்தும் குணச்சித்திரம் ஏதும் தீட்டாமல் போகலாம், நாயகனாக வந்தும் தீட்டலாம்.

எழுத்துப்பிழை ஒன்று பரவலாக இருக்கிறது: ‘குணசித்திர நடிகர்’. இடையில் ‘ச்’ வர வேண்டும். ‘துணை நடிகர்’ என்பதில் அடுத்த சொல் வல்லினத்தில் தொடங்காததால் எதுவும் மிகாது. ‘துணைப் பாத்திரம்’ என்பதில் ‘ப்’ மிகும். பாத்திரம் என்று மட்டும் எழுதினால் சமையலறைப் பாத்திரமும் நினைவுக்கு வரும் என்று தயங்குபவர்கள் ‘துணைக் கதைமாந்தர்’ என்று எழுதிக்கொள்ளலாம்.