கிழங்குக்கு நிதானம், மாவுக்கு அவசரம்

பொங்கலுக்கு வாங்கியதில் ரெண்டு கிலோ சர்க்கரைவள்ளிக்கிழங்கு மிச்சமாகிவிட்டது. எங்கள் பக்கம் சீனிக்கிழங்கு என்போம், யாழ்ப்பாணத்தில் வத்தாளங்கிழங்கு. அவித்துத் தின்று அலுத்துப்போய், அமெரிக்க வீடுகளில் செய்கிற குயிக் பிரெட் செய்யலாம் என்று இறங்கினேன். பெயரில்தான் பிரெட். ஈஸ்ட் கிடையாது, பிசைவது கிடையாது, பார்வைக்கும் ருசிக்கும் கேக்குக்கு ஒன்றுவிட்ட தம்பி மாதிரி இருக்கும்.

முதல் தடவை கிழங்கைத் தோல் சீவி, துண்டு போட்டு, குக்கரில் மூன்று விசில் விட்டு மசித்துச் சேர்த்தேன். பிரெட் நன்றாகத்தான் எழும்பியது, ஆனால் சப்பென்று இருந்தது. அடுத்த வாரம் அதே பையில் இருந்த கிழங்கு, அதே அளவு நாட்டுச்சர்க்கரை. கிழங்கை மட்டும் தோலோடு முழுசாக ஓவனில் வைத்து ஒன்றேகால் மணி நேரம் வாட்டிவிட்டு மசித்தேன். தின்று பார்த்த தங்கை கேட்டாள், "எவ்வளவு சீனியைக்கா கொட்டினே?" ஒரு ஸ்பூன்கூடக் கூட்டவில்லை. கூடுதல் இனிப்பு கிழங்குக்குள்ளேயே உண்டானது.

பச்சைக் கிழங்கில் தண்ணீரைக் கழித்துவிட்டால் மிச்சத்தில் பெரும்பங்கு மாவுச்சத்து. அதை அறுத்துச் சர்க்கரையாக்கும் கத்தியும் அதே கிழங்குக்குள்ளேயே இருக்கிறது, பீட்டா அமைலேஸ் என்ற நொதி. மாவுச்சத்தை குளுக்கோஸ் மணிகள் கோத்த நீளமான சங்கிலி என்று வைத்துக்கொண்டால், இந்த நொதி நுனியிலிருந்து இரண்டிரண்டு மணியாக நறுக்கிக்கொண்டே வரும். அப்படி விழும் ஜோடிக்கு மால்டோஸ் என்று பெயர். முளைகட்டிய கேழ்வரகை அரைத்துக் காய்ச்சும் கஞ்சி லேசாகத் தித்திப்பதும், சோற்றை ரொம்ப நேரம் மென்றால் இனிப்பதும் இதே குடும்பத்து நொதிகளின் வேலைதான்.

அப்படியானால் பச்சைக் கிழங்கு ஏன் அவ்வளவு தித்திப்பதில்லை? பச்சையில் மாவுச்சத்து சின்னச் சின்னத் துகள்களாக இறுகிக் கிடக்கிறது, நொதியின் பல் அதில் இறங்காது. சூடு அறுபது டிகிரியைத் தாண்டி ஏற ஏறத் துகள்கள் தண்ணீரைக் குடித்து ஊத ஆரம்பிக்கும். கஞ்சி காய்ச்சும்போது அதுவரை தண்ணீராக இருந்தது சட்டென்று கெட்டிப்படுகிறதே, அதே சங்கதி. அப்போதுதான் நொதிக்குக் கதவு திறக்கிறது. ஆனால் நொதியும் ஒரு புரதம், எண்பது டிகிரியை நெருங்கினால் உருக்குலைந்து செயலிழந்துவிடும். ஆக, கதவு திறப்பதற்கும் ஆள் ஓய்வதற்கும் நடுவே கிடைப்பது ஏறக்குறைய இருபது டிகிரி இடைவெளி. அந்த இடைவெளியில் கிழங்கு எவ்வளவு நேரம் நிற்கிறதோ அவ்வளவுக்கு மால்டோஸ் சேரும்.

குக்கரில் என்ன நடந்தது என்று இப்போது புரியும். துண்டு போட்ட கிழங்கு சில நிமிஷங்களிலேயே எண்பதைக் கடந்து 120 வரை போய்விடுகிறது, நொதி கத்தியை எடுப்பதற்குள் கதை முடிந்துவிடும். மைக்ரோவேவிலும் இதே கதிதான். முழுக் கிழங்கு ஓவனில் இருக்கும்போது சூடு தோலிலிருந்து நடுவுக்கு மெல்ல ஊறிக்கொண்டு போகிறது, நடுப்பகுதி அந்த இடைவெளியில் வெகுநேரம் நின்று தாண்டுகிறது. ஜப்பானில் சூடான கூழாங்கற்களுக்கு நடுவே புதைத்துச் சுடுகிற யாக்கிஇமோவும், நம் வீடுகளில் விறகடுப்பு அணைந்த பிறகு சாம்பலுக்குள் தள்ளிவிட்டு மறந்துபோகிற கிழங்கும் அத்தனை ருசியாக இருப்பதற்கு இதுதான் முக்கியமான காரணம். வாட்டும்போது தண்ணீர் ஆவியாகி இனிப்பு செறிவாவது இன்னொரு காரணம். மால்டோஸ் அளவுக்கு அளவு நாம் போடுகிற சீனியில் பாதி இனிப்புகூட இருக்காது, ஆனால் இங்கே அது நிறையவே உண்டாகிறது. கிழங்கில் ஏற்கெனவே இருக்கிற சுக்ரோஸ், அதாவது சீனியில் இருக்கிற அதே சர்க்கரை, வேறு கூட நிற்கிறது.

ஓவனை இவ்வளவு நேரம் ஓடவிட மனசு வராதவர்கள் முழுக் கிழங்கைத் தோலோடு பச்சைத்தண்ணீரில் போட்டு, அடுப்பை சிம்மில் வைத்து மெதுவாகச் சூடேற விடலாம். வாட்டியது அளவுக்கு வராது, குக்கரைவிட எவ்வளவோ மேல்.

இன்னொன்று, நிலத்திலிருந்து எடுத்த அன்றே சமைத்த கிழங்கு அவ்வளவாக இனிக்காது. அம்மா எப்போதும் "நாலு நாள் கிடக்கட்டும்" என்பார். அமெரிக்காவில் இதை அதிகம் விளைவிக்கிற வட கரோலினா மாநிலத்தில் அறுவடையான கிழங்கைச் சுமார் 30 டிகிரியில், ஈரமான காற்றில் சில நாள் வைத்து, காயங்கள் ஆறித் தோல் உறுதியான பிறகுதான் 13 டிகிரி அளவில் அடுக்குகிறார்கள். கிடங்கில் கிடக்கக் கிடக்க மாவுச்சத்தில் கொஞ்சம் சர்க்கரையாக மாறிக்கொண்டிருக்கும். பச்சைக் கிழங்கை ஃப்ரிட்ஜில் மட்டும் வைத்துவிடாதீர்கள். இது வெயில் நாட்டுச் செடி, குளிர் தாங்காமல் நடுப்பகுதி கல்லாகிவிடும், எவ்வளவு அவித்தாலும் வேகாது.

சரி, கிழங்குக்கு இவ்வளவு பொறுமை காட்டியாகிவிட்டது. மாவு விஷயத்தில் எல்லாமே தலைகீழ்.

நான் போடும் அளவு இது: மைதா 200 கிராம், மசித்த கிழங்கு 200 கிராம், நாட்டுச்சர்க்கரை 120 கிராம், முட்டை 2, எண்ணெய் 80 மில்லி, புளித்த தயிர் அரை கப், பேக்கிங் பவுடர் ஒரு டீஸ்பூன், சமையல் சோடா கால் டீஸ்பூன், உப்பு அரை டீஸ்பூன், கொஞ்சம் சுக்கும் ஏலக்காயும். கிழங்கைக் கையால் மசியுங்கள். மிக்ஸியில் ஓட்டினால் வெந்த மாவுச்சத்து வெளியே வந்து பசை மாதிரி ஆகிவிடலாம்.

ஈஸ்ட் பிரெட் உப்புவதற்கு மணிக்கணக்கில் ஆகும், இட்லி மாவுக்கு ராத்திரி முழுக்க வேண்டும், ஏனென்றால் இரண்டிலும் வாயுவை உண்டாக்குவது நுண்ணுயிர். இங்கே அந்த வேலை சோடாவுக்கு. சோடியம் பைகார்பனேட் தயிரின் லாக்டிக் அமிலத்தைச் சந்தித்த கணமே கார்பன் டை ஆக்சைடு நுரைக்க ஆரம்பிக்கிறது. அதனால் ஈரமான பொருள்களும் உலர்ந்த பொருள்களும் சேர்ந்ததிலிருந்து கடிகாரம் ஓடத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். மாவைக் கலக்கி வைத்துவிட்டு அப்புறம் ஓவனைப் போடலாம் என்று நினைத்தால், ஓவன் சூடாவதற்குள் பாதி வாயு சமையலறைக் காற்றில் கலந்திருக்கும்.

பேக்கிங் பவுடர் கொஞ்சம் பொறுமைசாலி. அதில் சோடாவும் உலர்ந்த அமில உப்பும் சோளமாவும் கலந்திருக்கின்றன. சோளமாவின் வேலை ஈரத்தை உறிஞ்சிக்கொண்டு மற்ற இரண்டையும் டப்பாவுக்குள்ளேயே சண்டை போடவிடாமல் பார்த்துக்கொள்வது. இன்று கடைகளில் கிடைப்பவற்றில் பல ஈரம் பட்டதும் ஒரு பங்கு வாயுவையும், சூடு ஏறியபின் மீதியையும் விடுகிற வகை. 1843-இல் இங்கிலாந்தின் பர்மிங்காமில் ஆல்ஃபிரட் பேர்ட் என்ற மருந்துக்கடைக்காரர் இதன் ஆரம்ப வடிவத்தைக் கலக்கினார், அவர் மனைவிக்கு ஈஸ்ட் ஒத்துக்கொள்ளாது என்பதற்காக. 1856-இல் ஹார்வர்டில் வேதியியல் பேராசிரியராக இருந்த எபன் ஹார்ஸ்ஃபோர்ட் கால்சியம் பாஸ்பேட் அமிலத்துக்குக் காப்புரிமை வாங்கினார். அதற்கும் அரை நூற்றாண்டுக்கு முன்பே அமெரிக்கச் சமையலறைகளில் மரச்சாம்பலிலிருந்து எடுத்த பொட்டாசியம் கார்பனேட்டை மாவில் போட்டுக்கொண்டிருந்தார்கள். சாம்பல் சோப்பு வாடை அடித்திருக்குமே என்று எனக்குத் தோன்றும்.

கலக்குவதிலும் அவசரம் வேண்டும், அதாவது சீக்கிரம் நிறுத்திவிட வேண்டும். மைதாவில் தண்ணீர் பட்டுக் கை ஆட ஆட அதிலுள்ள புரதங்கள் கைகோத்து குளூட்டன் என்ற இழுவை வலையாகும். பரோட்டா மாஸ்டர் மாவை அடித்து, எண்ணெயில் ஊறவைத்து, வீசி விரிப்பது இந்த வலையை நம்பித்தான். நமக்கு அது வேண்டவே வேண்டாம். வலை கெட்டியானால் வாயு மேலே போக வழி தேடி உள்ளே நீளமான பொந்துகளைத் தோண்டும், பிரெட்டும் ரப்பராகும். கரண்டியால் பத்துப் பன்னிரண்டு தடவை புரட்டுங்கள், அங்கங்கே வெள்ளையாக ஒரு கோடு தெரிந்தாலும் விட்டுவிடுங்கள்.

175 டிகிரி ஓவனுக்குள் போனதும் பந்தயம் தொடங்குகிறது. ஒரு பக்கம் வாயுக் குமிழ்கள் விரிந்து மாவை மேலே தள்ளுகின்றன, மறுபக்கம் முட்டையின் புரதமும் மைதாவின் மாவுச்சத்தும் இறுகிக் குமிழ்களைச் சுற்றிச் சுவர் எழுப்புகின்றன. சுவர் காய்வதற்கு முன்னால் ஆசை தாங்காமல் கதவைத் திறந்தால், குளிர்ந்த காற்று பட்டுக் குமிழ் சுருங்கி நடுவில் குழி விழுந்துவிடும். முதல் முப்பத்தைந்து நிமிஷம் கண்ணாடி வழியாகப் பார்ப்பதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். மேலே நீளவாக்கில் வெடிப்பு விடுவது தப்பில்லை, மேல்தோல் முதலில் காய்ந்துவிட நடுமாவு இன்னும் எழும்பிக்கொண்டிருப்பதால் வருவது அது. சுமார் ஐம்பத்தைந்து நிமிஷத்தில் குச்சி குத்திப் பார்த்தால் பச்சை மாவு ஒட்டக்கூடாது, ஈரத் துணுக்கு ஒன்றிரண்டு ஒட்டலாம்.

ஆறியதும் மூடி வைத்து மறுநாள் வெட்டினால்தான் நன்றாக இருக்கும். கிழங்கின் நாரும் சர்க்கரையும் தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்வதால் இது சாதா பிரெட் மாதிரி சீக்கிரம் வறளாது. ஃப்ரிட்ஜின் குளிரில் மாவுச்சத்து மறுபடி இறுகி வேகமாகப் பழசாகும் என்பதால், இரண்டு நாளில் தின்று தீராததைத் துண்டு போட்டு ஃப்ரீசரில் வையுங்கள்.

சோடாவில் மட்டும் கை தாராளமாகக் கூடாது. அரை கப் தயிர் கால் டீஸ்பூன் சோடாவைத்தான் ஈடுகட்டும். மிஞ்சினால் சோப்பு ருசி வரும், அதோடு ஒரு வேடிக்கையும் நடக்கலாம். கிழங்கில் குளோரோஜெனிக் அமிலம் என்று ஒன்று உண்டு, காப்பிக்கொட்டையிலும் இருப்பதுதான். காரத்தன்மை ஏறினால் அது காற்றோடும் அமினோ அமிலங்களோடும் சேர்ந்து பச்சை நிறமாகும். ஊதாக் கிழங்கில் இன்னும் மோசம். திருவனந்தபுரம் கிழங்கு ஆராய்ச்சி நிலையம் வெளியிட்ட பூ கிருஷ்ணா மாதிரி ரகங்களில் ஊதாவைத் தருகிற ஆந்தோசயனின், அமிலத்தில் சிவப்பாகவும் காரத்தில் நீலம் பச்சையாகவும் மாறிவிடும்.

இதெல்லாம் எனக்குத் தெரிய வந்ததே நான்காவது பிரெட்டில்தான். தயிர் தீர்ந்துபோய்ப் பாலை ஊற்றிவிட்டு சோடாவை மட்டும் குறைக்காமல் போட்டிருந்தேன். காலையில் வெட்டினால் மஞ்சள் பிரெட்டுக்குள் அங்கங்கே பாசி படர்ந்த மாதிரி பச்சைப் புள்ளிகள். அம்மா பூஞ்சை என்று சொல்லித் தொடவே இல்லை. நேற்று சுட்டதில் ஒரே ராத்திரியில் எப்படிம்மா பூஞ்சை வரும் என்று வாதாடிப் பார்த்தேன், கேட்கவில்லை. நானும் தங்கையும் காப்பியில் தொட்டுத் தொட்டுத் தின்று தீர்த்தோம்.