பின்பால் மெனு முரண்டு பிடிக்கும்போது உள்ளே நடப்பது

டேபிளின் (ஒரு பின்பால் இயந்திரத்தின் கணினி வடிவம்) படம் வீலில், அதாவது மெனுவின் சுழலும் படவரிசையில், அழகாகச் சுழன்று வந்து நிற்கிறது. ஸ்டார்ட் பட்டனை அழுத்தினால் திரை ஒரு கணம் கறுத்து, மறுபடி அதே மெனு. அல்லது டேபிள் திறந்துவிடுகிறது, பந்தைத் தட்டும் ஃபிளிப்பர் மட்டும் அசைய மாட்டேன் என்கிறது. அதுவும் இல்லையென்றால், யாரும் தொடாமலே மெனு தானாக ஓடிக்கொண்டிருக்கிறது. விர்ச்சுவல் பின்பால் கேபினெட், அதாவது கணினியும் திரைகளும் கொண்டு பின்பால் ஆடும் பெட்டி, வைத்திருப்பவர்களுக்கு இதெல்லாம் பழகிய தலைவலி. உடனே சந்தேகம் விழுவது மெனு மென்பொருள் மேல்தான். பின்பால்எக்ஸ் சரியில்லை, பின்அப் பாப்பரை மறுபடி நிறுவு, பேசாமல் பின்பால்ஒய்க்கு மாறிவிடு என்று ஆளுக்கொரு யோசனை வரும். பெரும்பாலும் வீண் வேலை. கோளாறு தெரிவது மெனுவில், இருப்பது வேறிடத்தில்.

ஏனென்றால் இந்த மெனு மென்பொருள், அதாவது ஃபிரண்ட்எண்ட், ஆட்டத்தில் எதையும் செய்வதில்லை. பந்தின் இயக்கத்தைக் கணக்கிட்டு வரைவது விஷுவல் பின்பால் அல்லது ஃபியூச்சர் பின்பால். பழைய இயந்திரத்துக்குள் இருந்த ரோமை (அதன் சிப்பில் பதிந்திருந்த நிரலை) அப்படியே ஓட்டிக் காட்டுவது விபின்மேம். மேலே நிற்கும் படப்பலகையான பேக்கிளாஸை ஒளிர வைப்பது பி2எஸ் சர்வர். மதிப்பெண் காட்டும், 128×32 புள்ளிகள் கொண்ட டிஎம்டி திரைக்குத் தனியாக ஒரு நிரல். ஃபிரண்ட்எண்டின் பங்கு, நாடகத்தில் திரை இழுப்பவரின் பங்கு: ஆளை மேடைக்கு அனுப்பிவிட்டு ஒதுங்கி நின்று, காட்சி முடிந்ததும் திரையை இழுக்க வேண்டும். அதற்கு மூன்று விஷயங்கள் ஒத்துழைக்க வேண்டும். கோப்புகளின் பெயர் பொருந்த வேண்டும், விண்டோஸ் திரைகளை நேற்று அடுக்கிய மாதிரியே இன்றும் அடுக்க வேண்டும், கீபோர்டின் கவனம் சரியான ஜன்னலுக்குப் போய்ச் சேர வேண்டும். மூன்றுமே ஃபிரண்ட்எண்டின் முழுக் கட்டுப்பாட்டில் இல்லை.

ஆகவே முதலில் பார்க்க வேண்டியது ஒன்றுதான்: மெனுவே இல்லாமல், டேபிள் கோப்பை நேரடியாகத் திறந்தால் ஆட்டம் ஓடுகிறதா? ஓடவில்லை என்றால் மெனுவை விட்டுவிடலாம். ரோம் கோப்பு இல்லை, அல்லது டேபிளின் ஸ்கிரிப்டில் எழுதியிருக்கும் ரோம் பெயரும் கையிலிருக்கும் ஜிப் கோப்பின் பெயரும் வேறு, இப்படி ஏதாவது இருக்கும். நேரடியாக ஓட்டிப் பார்ப்பதில் இன்னொரு லாபமும் உண்டு. ஒரு ரோம் முதல்முறை ஓடும்போது விபின்மேம் ஒரு சட்ட அறிவிப்புப் பெட்டியைக் காட்டிச் சம்மதம் கேட்கும். மெனு வழியாக முதல்முறை திறந்தால் அந்தப் பெட்டி முழுத்திரை ஜன்னலுக்குப் பின்னால் மாட்டிக்கொள்ளக்கூடும். பார்ப்பவருக்கு எல்லாம் உறைந்துபோன மாதிரி தெரியும். உண்மையில் கணினி பொறுமையாகப் பதிலுக்குக் காத்திருக்கிறது. புது டேபிள் எதுவானாலும் ஒருமுறை நேரடியாக ஓட்டிவிட்டு, அப்புறம் மெனுவில் சேர்ப்பதே நல்ல பழக்கம்.

நேரடியாக ஓடுகிறது, மெனு வழியாக ஓடவில்லை. அப்போது பெயர்களைப் பார்க்க வேண்டும். ஒரே டேபிளுக்கு மெனு இரண்டு பெயர்களை வைத்திருக்கிறது. ஒன்று, வட்டில் இருக்கும் கோப்பின் பெயர். திறப்பதற்கு அதுதான் பயன்படும். இன்னொன்று படங்கள், வீடியோக்களைத் தேட. வழக்கமாக ‘மெடீவல் மேட்னெஸ் (வில்லியம்ஸ் 1997)’ என்ற பாணியில், தயாரித்த நிறுவனமும் ஆண்டும் அடைப்புக்குறிக்குள் வரும்படி இது இருக்கும். இந்த இரண்டாவது பெயரில் ஒரு இடைவெளி கூடினாலும் வீல் படம் காலியாக இருக்கும், ஆனால் டேபிள் திறக்கும். முதல் பெயரில் பிழை இருந்தால் நேர்மாறு: படமெல்லாம் ஜோராக இருக்கும், திறக்காது. எந்தப் பக்கம் கெட்டிருக்கிறது என்பதைக் கோளாறே சொல்லிவிடுகிறது. பேக்கிளாஸ் கோப்புக்கும் இதே விதிதான். அதன் பெயர் டேபிள் கோப்பின் பெயரோடு எழுத்துக்கு எழுத்து பொருந்த வேண்டும். டேபிளின் புதுப் பதிப்பை இறக்கி, பெயரில் பதிப்பு எண் மாறிவிட்டால் பேக்கிளாஸ் காணாமல் போவது இதனால்தான்.

பெயர்களில் சில நிறுத்தக்குறிகள் வில்லங்கமானவை. வில்லியம்ஸ் 1991இல் வெளியிட்ட ‘தி மெஷின்: பிரைட் ஆஃப் பின்பாட்’ இயந்திரத்தின் பெயரில் முக்காற்புள்ளி இருக்கிறது, விண்டோஸ் கோப்புப் பெயரில் முக்காற்புள்ளிக்கு அனுமதியே கிடையாது. இணையத்திலிருந்து நகலெடுத்த பெயரில் வளைந்த மேற்கோள்குறி வந்துவிடும், கோப்பில் நேர்க்குறி இருக்கும். கண்ணுக்கு ஒன்றுதான், கணினிக்கு இரண்டும் வேறு எழுத்துகள். விண்டோஸ் கோப்பின் பின்னொட்டை மறைத்து வைத்திருக்கும்போது பெயர் மாற்றினால் பின்னொட்டு இரண்டு முறை ஒட்டிக்கொள்வதும் உண்டு.

இவற்றால் ஒரு டேபிள்தான் கெடும். முழுப் பட்டியலும் ஒரேயடியாக மறைந்தால் விஷயம் வேறு. பின்பால்எக்ஸ் தன் பட்டியலை எக்ஸ்எம்எல் கோப்பில் வைத்திருக்கிறது. இலக்கணப் பிழை கண்ட இடத்திலேயே வாசிப்பை நிறுத்த வேண்டும் என்பது எக்ஸ்எம்எல்லின் விதி. ஒரு வரியை மட்டும் தாண்டிப் போகும் சலுகை அதில் இல்லை. பல்லி 1987இல் வெளியிட்ட ‘டன்ஜன்ஸ் & டிராகன்ஸ்’ டேபிளை நோட்பேடில் கையால் சேர்க்கும்போது நடுவிலுள்ள & குறியை அப்படியே அடித்தால் போதும், மற்ற எல்லா டேபிள்களும் சேர்ந்து காணாமல் போய்விடும். எக்ஸ்எம்எல்லில் அந்தக் குறிக்குத் தனிச் சிறப்புப் பொருள் உண்டு. அதை வெறும் எழுத்தாகக் காட்ட ஐந்து எழுத்துக்குறிகள் கொண்ட மாற்று வடிவம் தேவை. கோப்பை ஒரு பிரவுசரில் திறந்தால் எந்த வரியில் தடுக்கியது என்று அதுவே காட்டிவிடும். பாப்பர் எஸ்க்யூலைட் தரவுத்தளத்தைப் பயன்படுத்துவதால் இந்தக் குறிப்பிட்ட பள்ளம் அங்கே இல்லை.

பெயர் சரி, பட்டியலும் சரி, ஆனாலும் திறந்தவுடன் மூடிக்கொள்கிறது என்றால், மெனு அனுப்பும் கட்டளை வரியைப் பார்க்கலாம். டேபிளின் பெயரில் இடைவெளி இருக்கும். கட்டளையில் அதைச் சுற்றி மேற்கோள்குறி இல்லையென்றால், நிரலுக்கு முதல் சொல் மட்டுமே கோப்புப் பெயராகத் தெரியும். அப்படி ஒரு கோப்பு இருக்காது. இன்னொரு காரணம் 32 பிட், 64 பிட் கலப்பு. விபின்மேமும் பி2எஸ்ஸும் விண்டோஸில் பதிவு செய்துகொள்ள வேண்டிய பாகங்கள். 64 பிட் விஷுவல் பின்பாலால் 32 பிட் விபின்மேமைத் தனக்குள் ஏற்றிக்கொள்ள முடியாது. கோப்புகள் எல்லாம் வட்டில் பத்திரமாக இருக்கும், பொருளை உருவாக்க முடியவில்லை என்று பிழை மட்டும் வரும். நேரடியாகத் திறக்கும்போது ஒரு பதிப்பும், மெனு அமைப்பில் இன்னொரு பதிப்பும் இருந்தால், ஒரு வழியில் ஓடி மறுவழியில் ஓடாத புதிருக்கு அதுவே விடை.

இனி, எனக்கு மிகவும் சுவாரசியமாகப் படும் பகுதி: ஃபோகஸ். விண்டோஸில் எத்தனை ஜன்னல்கள் திறந்திருந்தாலும் சாதாரணமாகக் கீபோர்டின் அழுத்தங்கள் போய்ச் சேருவது ஒன்றே ஒன்றுக்குத்தான். கேபினெட் பட்டன்கள் பலவும், அழுத்தத்தைக் கணினிக்குச் சொல்லும் என்கோடர் பலகை வழியாகக் கீபோர்டு போலவே நடிக்கின்றன. ஆகவே டேபிள் கண்முன் தெரிந்தும் ஃபிளிப்பர் அசையாவிட்டால், அழுத்தங்கள் வேறு ஜன்னலுக்குப் போய்க்கொண்டிருக்கின்றன என்று கொள்ளலாம். மவுஸால் டேபிள் மேல் ஒரு கிளிக் செய்து பாருங்கள். உயிர் வந்தால் நோய் இதுதான்.

யார் வேண்டுமானாலும் முன்னால் பாய்ந்து வந்து ஃபோகஸைப் பிடுங்க விண்டோஸ் விடுவதில்லை. நாம் தட்டச்சு செய்துகொண்டிருக்கும்போது இன்னொரு நிரல் குறுக்கே வராமல் இருக்க வைத்த கட்டுப்பாடு அது. முன்னால் இருக்கும் நிரலுக்கும், அது துவக்கிய நிரலுக்கும் அந்த உரிமை உண்டு. மெனு நேரடியாக டேபிளைத் திறந்தால் உரிமை கைமாறிவிடும். இடையில் ஒரு ஸ்கிரிப்ட், அது அழைக்கும் இன்னொரு ஸ்கிரிப்ட் என்று சங்கிலி நீண்டால் எங்கோ ஒரு கண்ணியில் அது அறுந்துபோகிறது. அதற்குள் பேக்கிளாஸ் ஜன்னல் திறந்து ஃபோகஸை எடுத்துக்கொள்ளவும் கூடும். கணினி துவங்கியதுமே மெனு வரும்படி வைத்திருப்பவர்களுக்கு இன்னொரு சிக்கல்: மெனு வந்த பிறகும் பின்னணியில் நிரல்கள் ஒவ்வொன்றாக எழுந்து வருகின்றன. டாஸ்க் ஷெட்யூலரில் மெனுவை அரை நிமிடம் தாமதமாகத் துவங்கச் சொன்னால் இது பெரும்பாலும் தீரும்.

விஸ்டா காலத்திலிருந்து இன்னொரு சுவரும் உண்டு. குறைந்த அனுமதியோடு ஓடும் நிரல், நிர்வாகி அனுமதியோடு ஓடும் நிரலின் ஜன்னலுக்குப் போலி விசை அழுத்தங்களை அனுப்ப முடியாது. டேபிளை மட்டும் நிர்வாகியாக ஓடும்படி வைத்துவிட்டு மெனுவைச் சாதாரணமாக விட்டால், மெனு அனுப்பும் ‘மூடு’ என்ற சைகை அந்தச் சுவரில் மோதி விழும். எல்லாவற்றையும் ஒரே அனுமதி நிலையில் ஓட்டுங்கள். எந்த நிலை என்பது இரண்டாம்பட்சம்.

ஃபோகஸைத் திருடுபவர்களில் எனக்குப் பிடித்தவர் விண்டோஸேதான். விஷுவல் பின்பாலில் ஃபிளிப்பர்களுக்கு வழக்கமாக வருபவை இடது, வலது ஷிஃப்ட் விசைகள். ஷிஃப்டை ஐந்து முறை தொடர்ந்து தட்டினால் விண்டோஸ் ‘ஸ்டிக்கி கீஸ்’ பெட்டியைத் திறக்கும். வலது ஷிஃப்டை எட்டு விநாடி அழுத்திப் பிடித்தால் ‘ஃபில்டர் கீஸ்’ வரும். இரண்டும் விசைகளை அழுத்தச் சிரமப்படுபவர்களுக்காகச் செய்த நல்ல வசதிகள். பின்பால் ஆடுபவரோ ஃபிளிப்பரைப் படபடவென்று தட்டுவார், பந்தை நிறுத்திக் குறிபார்க்க வலது ஃபிளிப்பரை வெகுநேரம் தூக்கியே பிடிப்பார். எந்த மென்பொருளிலும் பிழையில்லை, எல்லாரும் சொன்னபடியே நடக்கிறார்கள், ஆட்டம் மட்டும் கெட்டுப்போகிறது! விண்டோஸ் அமைப்பில் அணுகல் வசதிகள் பகுதிக்குப் போய் இந்தக் குறுக்குவழிகளை அணைத்துவிட வேண்டும்.

திரைகளுக்கு வருவோம். மூன்று திரை இருந்தாலும் விண்டோஸுக்கு அது ஒரே பெரிய தளம். முதன்மைத் திரையின் இடது மேல் மூலைதான் பூஜ்யம், பூஜ்யம். பந்து ஓடும் பிளேஃபீல்டு 3840×2160 அளவுள்ள முதன்மைத் திரையாக இருந்து, பேக்கிளாஸ் அதன் வலப்பக்கம் இருந்தால், பேக்கிளாஸ் 3840ஆம் புள்ளியில் தொடங்கும். பேக்கிளாஸ் முதன்மையாக மாறிவிட்டால் அதுவே பூஜ்யம். பிளேஃபீல்டு கழித்தல் 3840க்குப் போய்விடும். மெனு தன் அமைப்புக் கோப்பில் எழுதி வைத்த எண்கள் மட்டும் மாறுவதில்லை. மெனு வேறு திரையில் தோன்றுவதும், பாதி வெட்டுப்பட்டு நிற்பதும் இப்படித்தான்.

யாரும் எதையும் மாற்றவில்லையே, ஏன் மாறியது? பல கேபினெட்டுகளில் பிளேஃபீல்டு ஒரு டிவி. கணினி எழுந்து திரைகளை எண்ணும் நேரத்தில் டிவி இன்னும் விழித்திருக்காது. எச்டிஎம்ஐ கம்பி வழியாகத் தன் பெயரையும் அளவுகளையும் சொல்ல வேண்டிய டிவி மௌனமாக இருந்தால், விண்டோஸ் இருக்கும் திரைகளை வைத்து அடுக்கிவிடுகிறது. அதனால்தான் ஒருநாள் சரியாக வந்து மறுநாள் வராது. முதலில் டிவி, பிறகு கணினி என்ற வரிசையில் மின்சாரம் கொடுப்பது எளிய தீர்வு. டிவி விழித்திருப்பதாக எப்போதும் பொய் சொல்லும் சிறிய ஈடிஐடி (EDID) எமுலேட்டர் செருகிகளும் இருக்கின்றன.

எழுத்தையும் படத்தையும் பெரிதாக்கிக் காட்டும் விண்டோஸ் அமைப்பை (ஸ்கேலிங்) 150 சதவீதம் என்று விட்டுவைத்தால் இன்னொரு குழப்பம். இதைப் புரிந்துகொள்ளத் தெரியாத நிரலிடம் விண்டோஸ் 3840×2160 திரையை 2560×1440 என்று சொல்லிவிடும். அதே கேபினெட்டில் ஒரு நிரல் உண்மை அளவை நம்பும், இன்னொன்று பொய் அளவை நம்பும். எல்லாத் திரைகளையும் 100 சதவீதத்தில் வையுங்கள். பிளேஃபீல்டு டிவி நீளவாக்கில் இருந்தாலும் விண்டோஸில் அதைச் சுழற்ற வேண்டாம்; சுழற்றும் வேலையை மெனுவும் டேபிளும் தாங்களே செய்துகொள்ளும். இரண்டு இடத்தில் சுழற்றினால் மெனு படுத்துக்கொள்ளும்.

தானாக ஓடும் மெனுவுக்குக் காரணம் பெரும்பாலும் கேபினெட்டை இடிப்பதை உணரும் முடுக்கமானி. அது தன்னை ஜாய்ஸ்டிக்காக அறிமுகப்படுத்திக்கொள்கிறது. பலகை கொஞ்சம் சாய்ந்து பொருத்தப்பட்டிருந்தால், யாரோ ஜாய்ஸ்டிக்கை ஒரு பக்கமாகப் பிடித்திருப்பதாக மெனு நினைக்கும். மெனு அமைப்பில் அச்சு அசைவுகளை நீக்கிவிட்டு பட்டன்களை மட்டும் வைத்தால் போதும். ஒரு அழுத்தத்துக்கு இரண்டு டேபிள் தாண்டினால், அதே பட்டன் கீபோர்டாகவும் கேம்பேடாகவும் இரண்டு முறை பதிவாகியிருக்கிறதா என்று பாருங்கள்.

வீல் திக்கித் திக்கி நகர்வது நினைவகச் சுமை. சுருக்கிய கோப்பின் அளவு ஏமாற்றும். 2000×2000 பிஎன்ஜி படம் வட்டில் சிறியதாக இருக்கலாம், விரித்தால் 16 மெகாபைட். ஒரு 4கே வீடியோ சட்டகம் விரித்தால் சுமார் 33 மெகாபைட். விநாடிக்கு 60 சட்டகம் என்றால் கிட்டத்தட்ட 2 ஜிகாபைட். மெனுவில் டேபிள் வீடியோக்களுக்கு 1080பி தாராளமாகப் போதும், புள்ளிகள் நாலில் ஒன்றாகிவிடும்.

இத்தனையும் பார்க்கும்போது ஒரே நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுங்கள். மாற்றும் முன் லாக் கோப்பின் கடைசி வரிகளைப் படியுங்கள். மெனு எந்தக் கட்டளையை எப்போது அனுப்பியது, எதற்குக் காத்திருந்து நின்றது என்பது அங்கே இருக்கும். மறுபடி நிறுவினால் அந்தத் தடயமே அழிந்துவிடும், அதனால்தான் அதைக் கடைசி வேலையாக வைத்துக்கொள்ளச் சொல்கிறேன்.

ஆட்டம் முடிந்து மெனுவுக்குத் திரும்பும் இடத்திலும் கவனம் வேண்டும். மெனு, தான் துவக்கிய நிரல் முடிவதற்காகக் காத்திருக்கிறது. டேபிள் மூடியும் விஷுவல் பின்பால் பின்னணியில் தொங்கிக்கொண்டிருந்தால் மெனு திரும்பாது. வெளியேறும் பட்டனைச் சற்று அதிக நேரம் பிடித்தால் முதல் பாதியில் டேபிள் மூடும், மீதியை மெனு தனக்கு வந்த உத்தரவாக எடுத்துக்கொண்டு தானும் மூடத் தயாராகும். இதற்கெல்லாம் சலித்துப்போய், நிரலை வலுக்கட்டாயமாகக் கொல்லும் ஸ்கிரிப்டைச் சிலர் வைத்துவிடுகிறார்கள். மெனு உடனே திரும்பிவிடும், உண்மைதான். ஆனால் விபின்மேம் அதிகபட்ச மதிப்பெண்களை என்விராம் கோப்பில் எழுதுவது ரோம் முறையாக நிற்கும்போதுதான். அந்த ஸ்கிரிப்ட் இருக்கும் வரை, எடுத்த மதிப்பெண் அடுத்த முறை டேபிளைத் திறக்கும்போது அங்கே இருக்காது.