டிவியில் வட்டம் சுற்றுகிறதா? பிளானை ஏற்றும் முன் வீட்டைப் பாருங்கள்

"100 எம்பிபிஎஸ் பிளான் போட்டும் படம் நின்று நின்று வருது, 300-க்கு மாத்தி விடுங்க." மதுரையில் வீட்டு இணைய இணைப்பு வேலை பார்ப்பவர்களிடம் அதிகம் வரும் கோரிக்கை இதுதான். மாற்றினால் மாதாமாதம் கூடுதல் பணம் போகும், பல வீடுகளில் வட்டம் மட்டும் நிற்காது. ஏனென்றால் கோளாறு பெரும்பாலும் மோடத்துக்கும் டிவிக்கும் நடுவில், வீட்டுக்குள்ளேயே இருக்கிறது.

கணக்கைப் பாருங்கள். நெட்ஃபிளிக்ஸ் ஃபுல் எச்டி படத்துக்குக் கேட்பது 5 எம்பிபிஎஸ், 4கே படத்துக்கு 15. ஒரே வீட்டில் நான்கு டிவியில் 4கே ஓடினாலும் 60 எம்பிபிஎஸ்தான். அப்படியென்றால் மிச்ச வேகம் எங்கே போகிறது?

முதலில் ஒரு சோதனை. மோடத்தின் லேன் போர்ட்டில் லேப்டாப்பை வயரால் இணைத்து வேகம் பாருங்கள். அடுத்து டிவிக்குப் பக்கத்தில் நின்று, வைஃபையில் உள்ள செல்போனில் பாருங்கள். முதலாவதில் 95, இரண்டாவதில் 8 என்று வந்தால் லைன்காரரைக் கூப்பிட்டுப் பயனில்லை. 300 பிளான் வாங்கியும் வயரில் 95-ஐத் தாண்டவில்லை என்றால், நீங்கள் செருகிய போர்ட் 100 எம்பிபிஎஸ் போர்ட்டாக இருக்கலாம். சில மோடங்களில் ஒரு போர்ட் மட்டுமே கிகாபிட், அதாவது 1000 எம்பிபிஎஸ் வரை போகும். லேன் வயரின் 8 கம்பிகளில் ஒன்று முனை பிளக்கில் சரியாக அழுத்திப் பிடிக்கப்படாவிட்டாலும் (கிரிம்ப்) வேகம் 100-க்கு இறங்கிவிடலாம்.

மோடம் வைக்கும் இடம்தான் பெரிய வியாதி. ஃபைபர் வாசல் வழியாக வருவதால் செருப்பு அலமாரிக்கு மேலேயே ஆணி அடித்து மாட்டிவிடுகிறார்கள். மாசி வீதிகளைச் சுற்றிய பழைய வீடுகள் முகப்பு குறுகி, உள்ளே நீளமாகப் போகும். ஒன்றரை அடி கனச் சுவர்களை இரண்டு மூன்று தாண்டித்தான் பின்கட்டு அறைக்கு சிக்னல் போக வேண்டும். கே.கே. நகர், அண்ணா நகர் பக்கத்து மாடி வீடுகளில் கான்கிரீட் தளம் அதே வேலையைச் செய்கிறது. இரும்பு பீரோவுக்குப் பின்னாலும் டிவிக்குப் பின்னாலும் மோடத்தை ஒளித்து வைக்கவே கூடாது. வீட்டின் நடுவில், ஆள் உயரத்துக்கு, திறந்த இடத்தில் இருக்கட்டும். அதற்காக ஃபைபரை 10 மீட்டர் உள்ளே இழுக்கச் சொல்லிக் கேட்பதில் தவறே இல்லை.

வைஃபை சிக்னலை அளக்க இலவச ஆப்கள் உண்டு. அளவு டிபிஎம்மில் வரும், மைனஸுக்குப் பின் எண் பெரிதானால் சிக்னல் பலவீனம். டிவி இருக்கும் இடத்தில் மைனஸ் 50 டிபிஎம் வந்தால் அருமை. மைனஸ் 67 வரை படம் தடையில்லாமல் ஓடும். மைனஸ் 75 என்றால் நின்று நின்றுதான் வரும். வைஃபை 2.4, 5 கிகாஹெர்ட்ஸ் என்று இரண்டு அலைகளில் வரும். 2.4 கிகாஹெர்ட்ஸ் அலை சுவரைத் தாண்டும், ஆனால் தெருவில் எல்லா வீட்டு வைஃபையும் அதில்தான் முட்டிக்கொள்கிறது. மோடம் செட்டிங்கில் சேனலை (அந்த அலைக்குள் உள்ள தடம்) ஆட்டோவில் விடாமல் 1, 6, 11 ஆகிய மூன்றில் நெரிசல் குறைந்த ஒன்றில் நிறுத்துங்கள், அகலம் 20 மெகாஹெர்ட்ஸ் போதும். 5 கிகாஹெர்ட்ஸ் வேகமானது, சுவருக்கு அஞ்சும். இரண்டுக்கும் ஒரே பெயர் இருந்தால் டிவி பல நேரம் 2.4-இலேயே ஒட்டிக்கொள்ளும். அதனால் தனித்தனிப் பெயர் வைத்து, டிவியை 5-இல் சேருங்கள். விலை குறைந்த ஸ்மார்ட் டிவிகள் சிலவற்றில் 5 கிகாஹெர்ட்ஸே கிடையாது, வாங்கும்போதே கேளுங்கள்.

வைஃபை சிக்னலை வாங்கித் திருப்பி அனுப்பும் ரிப்பீட்டரை வாங்குபவர்கள் அதைச் சிக்னல் வராத அறையிலேயே செருகுகிறார்கள். சிக்னலே வராத இடத்தில் அது எதைத் திருப்பி அனுப்பும்? பாதி வழியில் வைக்க வேண்டும். அப்போதும் வேகம் ஏறத்தாழப் பாதியாகும். எங்கள் பரிந்துரை மோடத்திலிருந்து டிவிக்கு ஒரு கேட்6 (லேன்) வயர்தான். 100 மீட்டர் வரை போகும், சுவர் எத்தனை என்று பார்க்காது. வீடு கட்டிக்கொண்டிருப்பவர்கள் பூச்சுக்கு முன்னால் ஒவ்வொரு டிவி பாயிண்டுக்கும் கரண்ட் வயரோடு சேராத தனிக் குழாய் ஒன்று போட்டுவிடுங்கள்.

கேம் விளையாடும் பிள்ளைகளின் புகார் வேறு ரகம். அங்கே வேகம் கொஞ்சம் போதும், பிங், அதாவது தரவு கேம் சர்வருக்குப் போய்த் திரும்பும் நேரம், குறைவாக இருக்க வேண்டும். சர்வர் மும்பையில் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். மதுரையிலிருந்து மும்பை நேர்கோட்டில் 1,150 கிலோமீட்டருக்கு மேல். ஃபைபருக்குள் ஒளி நொடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் ஓடும். நேராக ஒரு ஃபைபர் போட்டாலும் போய் வர 12 மில்லிசெகண்ட் ஆகும். நிஜத்தில் லைன் சுற்றித்தான் போகிறது, 30 முதல் 50 வரை வந்தால் நல்ல பிங். எந்த பிளானும் இந்தத் தூரத்தைக் குறைக்காது.

திடீரென்று 40 பிங் 300 ஆகிறதென்றால் வீட்டில் யாரோ எதையோ அப்லோடு செய்கிறார்கள். பெரும்பாலும் அப்பாவின் போன், கல்யாண வீட்டு வீடியோவைப் பேக்கப் எடுத்துக்கொண்டிருக்கும். கீழமாசி வீதியில் லோடு வண்டி வழியை அடைத்து நிற்க, பின்னால் வந்த டூவீலர் காத்துக் கிடப்பதுபோல கேமின் சின்னஞ்சிறு தரவு அதன் பின்னால் நிற்கிறது. பேக்கப்பை இரவு 1 மணிக்கு மேல் வைத்துக்கொள்ளுங்கள். மோடத்தில் க்யூஓஎஸ் (எந்தத் தரவுக்கு முன்னுரிமை, எவ்வளவு வேகம் என்று பிரிக்கும்) வசதி இருந்தால் அப்லோடை மொத்த வேகத்தில் 85 சதவீதத்துக்குக் கட்டிப்போடுங்கள். "சுட்ட பிறகுதான் சத்தம் வருது" என்பது இணையத்தின் குற்றமே அல்ல: சாதாரண புளூடூத் இயர்போனில் ஒலி 150 மில்லிசெகண்டுக்கு மேல் பிந்தி வரும். வயர் இயர்போன் மாட்டினால் சரியாகிவிடும்.

பாட்டுக்கு இதெல்லாம் தேவையில்லை. 160 கேபிபிஎஸ் தரத்தில் ஒரு மணி நேரப் பாட்டுக்கு 72 எம்பிதான். பாட்டு அடிக்கடி நின்றால் போனின் பேட்டரி சேவர் அந்த ஆப்பைப் பின்னணியில் அணைக்கிறதா என்று பாருங்கள்.

சித்திரைத் திருவிழாவில் அழகர் ஆற்றில் இறங்கிவிட்டார் என்று வைகைக் கரையிலிருந்து உறவினர் போனில் சொல்லி முடித்த பிறகே உங்கள் ஸ்ட்ரீமிங் நேரலையில் அது வரும். இது பழுதல்ல. நேரலையைச் சில நொடித் துண்டுகளாக வெட்டி, இரண்டு மூன்று துண்டு கையில் சேர்ந்த பிறகே ஆப் ஓடவிடுகிறது. 20, 30 நொடித் தாமதம் அதன் இயல்பு.

லைனே கோளாறு என்றால் அதற்கும் அடையாளம் உண்டு. மோடத்தில் லாஸ் (LOS) என்ற விளக்கு சிவப்பாக எரிந்தால் ஒளி வரவில்லை. எரியாமலே இணைப்பு விட்டு விட்டு வந்தால் மோடத்தின் செட்டிங் பக்கத்தில் ஆப்டிகல் பவர், அதாவது ஃபைபரில் வந்து சேரும் ஒளியின் வலு, பாருங்கள். மைனஸ் 15 முதல் மைனஸ் 25 டிபிஎம் வரை நலம். மைனஸ் 27-ஐத் தாண்டினால் அறுந்து அறுந்துதான் வரும். ஜன்னல் கதவிடுக்கில் ஃபைபர் நசுங்கியிருக்கிறதா, மோடத்துக்குப் பின்னால் இறுக்கி மடித்துக் கட்டியிருக்கிறார்களா என்று பாருங்கள். சுருட்டும் வளையம் குறைந்தது ஆறு சென்டிமீட்டர் விட்டம் இருக்க வேண்டும். ஃபைபரின் பச்சை நிற முனை போக வேண்டிய இடத்தில் நீல நிற முனையைச் செருகினாலும் ஒளி வீணாகும். புகார் கொடுக்கும்போது "நெட் ஸ்லோ" என்று சொல்லாதீர்கள். "பவர் மைனஸ் 29 காட்டுது, நேற்று ராத்திரி 8 மணியிலிருந்து" என்று சொல்லுங்கள். மோடத்தை அணைத்துப் போடச் சொல்லித் தட்டிக்கழிக்க முடியாது, ஃபைபரை ஒட்டும் ஸ்ப்ளைசிங் மெஷினோடு ஆள் வர வேண்டியிருக்கும்.