உங்கள் நிலத்தில் மின்கம்பியா? 14 நாள் கணக்கை மறக்காதீர்கள்

எங்கள் ஊர் ரப்பர் தோட்டத்தை ஒட்டி வளர்ந்த ஊர். பெரிய தோட்டங்களைத் துண்டு துண்டாக விற்ற தோட்டத் துண்டாடல் காலத்தில் பால்வெட்டிச் சேர்த்த காசில் இரண்டு மூன்று ஏக்கர் வாங்கியவர்களின் பிள்ளைகள்தான் இங்கே பாதிப் பேர். அப்படி ஒரு துண்டு நிலம் வைத்திருக்கும் எதிர்வீட்டு அத்தை ஒருநாள் காலையில் போய்ப் பார்த்தால் வரிசையாகப் பதினொரு செம்பனை (எண்ணெய்ப் பனை) தரையில் கிடக்கிறது. மின்கம்பி இழுக்கும் வேலையை எடுத்த குத்தகைக்காரனின் ஆள் ஒரு தாளைக் காட்டி, "நோட்டீஸ் எப்பவோ போயிடுச்சு அக்கா" என்றானாம். நோட்டீஸ் போனது உண்மைதான், ஆனால் கிராண்டில், அதாவது நிலப் பட்டாவில், இருக்கும் பழைய லயத்து (தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டு) முகவரிக்கு. அந்த லயத்தை இடித்து இருபது வருஷம் ஆகிறது.

சட்டம் என்ன சொல்கிறது என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மலேசியாவின் 1990 மின் விநியோகச் சட்டத்தின் 11ஆம் பிரிவுப்படி, உரிமம் பெற்ற மின் நிறுவனம் தனியார் நிலத்தில் கம்பம் நடலாம், கம்பி இழுக்கலாம். உங்கள் கையெழுத்து அதற்குத் தேவையில்லை. ஆனால் நுழைவதற்கு முன்னால் என்ன செய்யப் போகிறோம் என்று நோட்டீஸ் தர வேண்டும், சேதத்துக்கு இழப்பீடும் தர வேண்டும்.

நம் ஆட்கள் மாட்டிக்கொள்வது நோட்டீஸ் வந்த பிறகுதான். ஆட்சேபனை சொல்ல 14 நாள்தான், அதையும் லேண்ட் ஆபீஸில் இருக்கும் மாவட்ட நில நிர்வாகியிடம் சொல்ல வேண்டும். அந்த நாட்களில் வாயைத் திறக்காவிட்டால் அவர்கள் நேராக உள்ளே வரலாம். வேலை பார்க்க வந்த ஆட்களிடம் சண்டை போட்டேன், எம்.பி. சேவை மையத்தில் சொன்னேன், கோயில் தலைவரிடம் சொன்னேன் என்பதெல்லாம் ஆட்சேபனைக் கணக்கில் வராது. வாய்மொழியாகவும் சொல்லலாம் என்று சட்டத்தில் இருக்கிறது, ஆனால் கவுண்டரில் வாயால் சொன்னதற்கு ஆறு மாதம் கழித்து யார் சாட்சி? மலாயில் நாலு வரி எழுதி இரண்டு பிரதி எடுத்துப் போய், ஒன்றில் தேதியோடு சாப் (முத்திரை) வாங்கிக்கொண்டு வாருங்கள். "இது கம்பெனி விஷயம், அங்கே போங்க" என்பார்கள், கம்பெனியில் கேட்டால் லேண்ட் ஆபீஸைக் கை காட்டுவார்கள். அசையாதீர்கள். ஆட்சேபனை வந்தால் விசாரணை வைக்க வேண்டியது நில நிர்வாகியின் வேலை.

விசாரணைக்கு வெறுங்கையோடு போகாதீர்கள். மரங்களை எண்ணி, ஒவ்வொன்றையும் படம் எடுத்து, எந்த வருஷம் நட்டது என்று எழுதி வையுங்கள். குலை விற்ற ரசீதுகளைத் தூக்கிப் போடாதீர்கள், வருமானத்தைக் காட்ட அதைவிட நல்ல சாட்சி கிடையாது. நிலம் உங்கள் பெயரிலேயே இருக்கும், அதனால் நில எடுப்பில் தருவது போல மொத்த விலை வரும் என்று காத்திருக்க வேண்டாம். வெட்டிய மரத்துக்கு மட்டும் கேட்டுவிட்டு வராமல், கம்பிக்குக் கீழே இனி வீடு கட்ட முடியாது, உயரமாக வளரும் மரம் வைக்க முடியாது என்பதையும் சேர்த்துக் கேளுங்கள். தொகையில் ஒத்துப்போகாவிட்டால் 16ஆம் பிரிவுப்படி நில நிர்வாகி விசாரித்து மதிப்பிட வேண்டும்.

அப்புறம் இழப்பீட்டுத் தாளில் போடும் கையெழுத்து. நீட்டுகிற தாள் முழுக்க மலாயில் இருக்கும், நின்றுகொண்டே போடச் சொல்வார்கள். பராமரிப்புக்காகப் பின்னாளில் மரம் வெட்டினாலும் இழப்பீடு உண்டுதான், ஆனால் முன்பே மதிப்பிட்டு முடித்த சேதத்துக்கு மறுபடி கிடையாது. அதனால் "எல்லாவற்றுக்கும் சேர்த்து" என்ற பொருளில் ஒரு வரி இருக்கிறதா என்று படிக்கத் தெரிந்த பிள்ளையை வைத்துப் பார்த்துவிட்டுப் போடுங்கள்.

இன்னொரு பெரிய ஓட்டை, கிராண்ட் இன்னும் இறந்துபோன தாத்தா பெயரில் கிடப்பது. நான்கு பேரன்கள் வந்து நின்றாலும் பணத்தை யாரிடம் கொடுப்பது என்று கேட்டு நிறுத்திவிடுவார்கள், அந்த இடத்தில் அவர்களைக் குறை சொல்லவும் முடியாது. சிறிய சொத்தாக இருந்தால் லேண்ட் ஆபீஸிலேயே போராங் ஏ (ஏ பாரம்) கொடுத்துப் பூசாக்காவை, அதாவது இறந்தவர் சொத்தை வாரிசுகளுக்குப் பிரிப்பதை, முடிக்கலாம். கம்பி வரும்வரை காத்திருக்காதீர்கள், அண்ணன் தம்பி பேச்சுவார்த்தை இருக்கும்போதே முடித்துவிடுங்கள்.

அத்தை போன மாதம்தான் முகவரியை மாற்றினார். கவுண்டரில் இருந்த பையன் பழைய முகவரியைப் படித்துவிட்டு, "இந்த இடம் எங்கே இருக்கு?" என்று அவரிடமே கேட்டானாம்.