16 மணி நேர வேலை: ஒரு வீட்டுக்கு 381 பவுண்டு, இன்னொரு வீட்டுக்கு 997

“வேலைக்குப் போனா வாடகைக் காசை நிப்பாட்டிப் போடுவாங்களாமே, உண்மையே?” லண்டனில் பெனிபிட் (அரச நலன்புரி உதவி) ஆலோசனைக்கு வருகிற தமிழ்க் குடும்பங்கள் அனேகமாக இந்தக் கேள்வியோடுதான் கதையைத் தொடங்கும். கேட்பவர் பெரும்பாலும் ஒரு தாய். கடைசிப் பிள்ளையும் பள்ளிக்கூடம் போகத் தொடங்கியிருக்கும். சூப்பர் மார்க்கெட்டிலோ முதியோர் பராமரிப்பு இல்லத்திலோ ஆள் எடுக்கிறார்கள் என்று யாரோ சொல்லியிருப்பார்கள். போகவும் ஆசை, பயமும் இருக்கும். வேலைக்குப் போனதால் எல்லாம் நின்றுபோன ஒரு அக்காவின் கதையும் கூடவே வரும்.

அந்த அக்காவின் கதை பொய்யில்லை, பழையது. முன்பு வாடகை உதவி கவுன்சிலிடம் (உள்ளூராட்சி), குறைந்த வருமான வீடுகளுக்கான டாக்ஸ் கிரெடிட் வரித் திணைக்களத்திடம், மற்றவை ஜொப் சென்டரிடம் (அரச வேலைவாய்ப்பு அலுவலகம்) என்று பிரிந்து கிடந்தன. இன்கம் சப்போர்ட் என்ற வருமான உதவியை எடுப்பவர் வாரம் 16 மணி நேரத்தைத் தொட்டால் அது முழுவதும் நின்றுவிடும். சம்பளம் கூடக் கூட ஒவ்வொரு அலுவலகமும் தன் பங்குக்கு வெட்டும். கூட உழைத்த ஒரு பவுண்டில் பத்துப் பென்ஸ்கூட மிஞ்சாத வீடுகள் இருந்தன. அந்தக் காலத்தில் பயந்தவர்கள் கணக்குத் தெரிந்துதான் பயந்தார்கள்.

இதைத் திருத்துவதாகச் சொல்லித்தான் 2012 இல் நலன்புரிச் சீர்திருத்தச் சட்டம் வந்தது. இயன் டங்கன் ஸ்மித் அப்போது அமைச்சர். ஆறு உதவிகளை ஒன்றாக்கி யூனிவர்சல் கிரெடிட் (சுருக்கமாக யூசி) ஆக்கினார்கள். 2013 ஏப்ரலில் மான்செஸ்டருக்குப் பக்கத்தில் ஆஷ்டன்-அண்டர்-லைனில் தொடங்கிய வேலை, 2025 ஏப்ரல் 5 இல் டாக்ஸ் கிரெடிட்டை மூடியதோடுதான் ஓரளவு முடிந்தது. யூசியில் மணி நேர எல்லை என்று ஒன்றில்லை. கையில் வரும் சம்பளத்தில் ஒவ்வொரு பவுண்டுக்கும் ஒரு பங்கை உதவியிலிருந்து கழிப்பார்கள். தொடக்கத்தில் அது 65 பென்ஸ், 2017 இல் 63, 2021 நவம்பர் முதல் 55. பிள்ளைகள் உள்ள வீடுகளுக்கு ஒரு தொகை வரை கழிக்கவே மாட்டார்கள். வாடகைக்கும் உதவி எடுப்பவருக்கு 2025–26 இல் அது மாதம் 411 பவுண்டு.

ஆகவே வேலைக்குப் போனால் வாடகைக் காசு நிற்காது, குறையும். எவ்வளவு குறையும் என்பது வீட்டுக்கு வீடு மாறும். இரண்டு வீடுகளை எடுத்துக்கொள்வோம். இரண்டும் நான் கணக்குக்காகக் கட்டிய வீடுகள், ஆனால் இதே அமைப்பை அடிக்கடி பார்க்கிறேன்.

முதல் வீட்டில் கணவன் பெட்ரோல் நிலையத்தில் முழுநேர வேலை. இரண்டு பிள்ளைகள், தனியார் வாடகை. மனைவிக்கு வாரம் 16 மணி நேர வேலை கிடைக்கிறது, மணிக்கு 12.21 பவுண்டு, அதாவது 2025–26 இல் 21 வயதும் அதற்கு மேலும் ஆனவருக்கான குறைந்தபட்சச் சம்பளம். மாதத்துக்கு 846.56. வருமான வரியும் இல்லை, நேஷனல் இன்ஷூரன்ஸ் என்ற சமூகக் காப்புறுதிப் பிடிப்பும் இல்லை. ஆனால் அந்த 411 பவுண்டுச் சலுகையைக் கணவனின் சம்பளம் ஏற்கெனவே விழுங்கிவிட்டது. அது வீட்டுக்கு ஒன்றுதான், ஆளுக்கு ஒன்றல்ல. எனவே மனைவியின் முதல் பவுண்டிலிருந்தே 55 பென்ஸ் போகும். யூசி 465.61 குறையும், வீட்டுக்கு மிஞ்சுவது 380.95. மணிக்கு ஐந்தரைப் பவுண்டு.

இரண்டாவது வீட்டில் மூன்று பிள்ளைகளோடு தனித்து வாழும் தாய். விதிப்படி யூசியும் சைல்ட் பெனிபிட்டும் சேர்ந்து மாதம் 2,500 வரவேண்டும். ஆனால் ஒரு வீட்டுக்கு மொத்த உதவி இவ்வளவுக்கு மேல் இல்லை என்று 2013 இல் கொண்டுவந்த உச்ச வரம்பு (பெனிபிட் கேப்) குறுக்கே நிற்கிறது. லண்டனில் குடும்பத்துக்கு ஆண்டுக்கு 25,323, மாதத்துக்கு 2,110. மிச்சம் 390 பவுண்டை வெட்டிவிட்டுத்தான் தருவார்கள். லண்டன் வாடகையில் இந்த வெட்டு எங்கே விழும் என்று சொல்லத் தேவையில்லை. இவருக்கு அதே 16 மணி நேர வேலை கிடைத்தால் இரண்டு விஷயம் நடக்கும். 411 சலுகை முழுக்க இவருக்கே, எனவே யூசியில் குறைவது 239.56 மட்டும். அத்தோடு மாத வருமானம் 846 ஐத் தொட்டால் (2025–26 இன் எல்லை) உச்ச வரம்பே எடுபட்டுவிடும். வெட்டுப்பட்ட 390 உம் திரும்பி வரும். மொத்த வரவு 3,107 ஆகும், முன்பைவிட 997 கூட.

ஒரே வேலை, ஒரே சம்பளம். ஒரு வீட்டுக்கு 381, இன்னொரு வீட்டுக்கு 997. இதனால்தான் அக்கம்பக்கத்தில் கேட்டு முடிவெடுக்காதீர்கள் என்கிறேன். அவர்கள் சொல்வது அவர்கள் வீட்டுக்குச் சரியாக இருக்கும். கவுன்சிலுக்குக் கட்டும் வீட்டு வரியான கவுன்சில் டாக்ஸின் தள்ளுபடியும் இந்தக் கணக்கில் சேரவில்லை. அது 2013 இலிருந்து ஒவ்வொரு கவுன்சிலுக்கும் ஒவ்வொரு விதி. ஹரோவின் கணக்கு நியூஹாமுக்குப் பொருந்தாது. டேர்ன்-டு-அஸ், என்டைட்டில்ட்-டு போன்ற இலவசக் கணிப்பான்களில் தபால் குறியீட்டைக் கொடுத்துப் பார்க்கலாம். சிட்டிசன்ஸ் அட்வைஸ் என்ற இலவச ஆலோசனை அமைப்பிலும் போட்டுத் தருவார்கள்.

என்னைக் கேட்டால் இந்தச் சீர்திருத்தத்தின் பெரிய ஓட்டை முதல் வீட்டில்தான். தம்பதியில் இரண்டாவதாக வேலைக்குப் போகிறவருக்கு, எங்கள் சமூகத்தில் அது பெரும்பாலும் மனைவிதான், சலுகை எதுவுமில்லை. கணவன் முழுநேரம் உழைத்தால் ஜொப் சென்டரும் மனைவியை நெருக்காது. ஐந்தரைப் பவுண்டுக்கு ஏன் போகவேண்டும் என்று அவர் கேட்டால் என்னிடம் உள்ள பதில் வேலை அனுபவமும் பென்ஷனும்தான். வேலைத்தலப் பென்ஷனில் கட்டாயம் சேர்க்கவேண்டிய எல்லை ஆண்டுக்கு 10,000 பவுண்டு. 16 மணி நேர வேலை அதை மயிரிழையில் தாண்டுகிறது. பென்ஷனுக்குப் பிடிக்கும் தொகையை யூசி வருமானமாகப் பார்ப்பதில்லை. அதனால் உங்கள் பக்கத்திலிருந்து ஒரு பவுண்டு போட்டால் கையிலிருந்து குறைவது 45 பென்ஸ், முதலாளியின் பங்கு அதற்கு மேலே. “பென்ஷன் வேண்டாம், காசா தாங்கோ” என்று எழுதிக் கொடுக்கும் முன் இதை யோசியுங்கள்.

இரண்டாவது வீட்டுக்கும் ஒரு பொறி இருக்கிறது, அது சம்பளத் திகதி. யூசி மாதக் கணக்கில் ஓடுகிறது. சூப்பர் மார்க்கெட்டுகளும் பராமரிப்பு நிறுவனங்களும் பல இடங்களில் நான்கு வாரத்துக்கு ஒரு தடவை சம்பளம் போடுகின்றன. 16 மணி நேரம், நான்கு வாரம், 12.21: பெருக்கினால் 781.44. அது 846 ஐத் தொடவில்லை. உழைத்த மணித்தியாலம் ஒன்றாக இருந்தும் உச்ச வரம்பு திரும்ப வந்து குந்திவிடும். மேலே சொன்ன தாய்க்கு அந்த மாதம் 186 பவுண்டு வெட்டு. இப்படி மாட்டிய ஒரு தாய் வழக்குப் போட்டு 2020 இல் உயர் நீதிமன்றத்தில் வென்றார். 2021 இல் மேன்முறையீட்டு நீதிமன்றம் அரசாங்கத்தின் பக்கம் தீர்த்துவிட்டது. ஆகவே விதி இன்றும் அப்படியே.

தப்புவதற்கு வழி இருக்கிறது. வேலை தருபவர் மாதச் சம்பளம் தருவாரா என்று சேரும் முன்பே கேளுங்கள். முடியாதென்றால் 16 க்குப் பதில் 18 மணி நேரம் கேளுங்கள். நான்கு வாரத்துக்கு 879 வரும், பென்ஷனுக்குக் கொஞ்சம் பிடித்தாலும் எல்லைக்கு மேலேயே நிற்கும். மாதச் சம்பளக்காரரும் சரியாக 16 இல் நிற்காமல் ஒரு மணி நேரம் கூட எடுப்பது நல்லது, பென்ஷன் பிடிப்பு அவரையும் 846 க்குக் கீழே தள்ளலாம். உங்களுக்கோ துணைவருக்கோ பிள்ளைக்கோ பிப், டிஎல்ஏ (உடல், மன இயலாமைக்கான உதவிகள்), கெயரர்ஸ் அலவன்ஸ் (அப்படிப்பட்டவரைப் பராமரிப்பவருக்கான உதவி) போன்றவை வந்தால் உச்ச வரம்பு அந்த வீட்டுக்கு இல்லை. அவர்கள் இந்தக் கவலையை விட்டுவிடலாம்.

நான்கு வாரச் சம்பளக்காரருக்கு ஆண்டில் ஒரு மாதம் இரண்டு சம்பளம் ஒரே கணிப்பு மாதத்துக்குள் விழும். அடுத்த யூசி மெலிந்து வரும், சிலருக்கு வராமலே போகும். தண்டனை என்று நினைத்து அழுதுகொண்டு வருகிறார்கள். தண்டனை இல்லை, முன்கூட்டிக் கிடைத்த சம்பளத்தின் எதிரொலி. அந்த இரண்டாவது சம்பளத்தில் ஒரு பகுதியை அடுத்த மாத வாடகைக்கு ஒதுக்குவதைத் தவிர இதற்கு மருந்தில்லை. ஆனால் மாதச் சம்பளக்காரருக்கு வங்கி விடுமுறையால் இரண்டு சம்பளம் ஒரே மாதத்தில் விழுந்தால் நிலைமை வேறு. 2020 இல் நான்கு தாய்மார் மேன்முறையீட்டில் வென்றபின் விதியை மாற்றினார்கள். ஒன்றை மற்ற மாதத்துக்கு மாற்றிப் போடும்படி ஜேர்னலில் (யூசியின் இணையக் கணக்கில் செய்தி எழுதும் பக்கம்) எழுதிக் கேட்கலாம்.

பிள்ளைகளை யார் பார்ப்பது? தம்பதியானால் இருவரும், தனியே இருப்பவரானால் அவரும், சம்பள வேலையில் இருந்தால் பதிவு செய்த நர்சரி, சைல்ட் மைண்டர், பள்ளிக்குப் பிறகான கிளப் செலவில் 85 வீதத்தை யூசி தரும். 2025–26 இல் ஒரு பிள்ளைக்கு மாதம் 1,031.88 வரை, இரண்டோ கூடவோ என்றால் 1,768.94 வரை. முதல் மாதக் கட்டணத்துக்கு முன்பணமும் 2023 நடுப்பகுதியிலிருந்து ஜொப் சென்டரில் கேட்கலாம், கேட்டால்தான் வரும். இங்கிலாந்தில் 2025 செப்டம்பரிலிருந்து ஒன்பது மாதக் குழந்தை முதல் பள்ளி தொடங்கும் வரை, பள்ளித் தவணை வாரங்களில் 30 மணி நேர இலவசப் பராமரிப்பும் உண்டு. அதற்குப் பெற்றோர் ஒவ்வொருவரும் 2025–26 கணக்கில் வாரம் 195 பவுண்டாவது உழைக்க வேண்டும், அதாவது திரும்பவும் 16 மணி நேரம். பழைய முறையை ஒழித்தார்கள், அதன் எண்ணை ஒழிக்கவில்லை.

எங்கள் வீடுகளில் நர்சரிக்குப் பதில் அம்மம்மாதான். அவருக்குக் கொடுக்கும் காசை யூசி ஏற்காது. ஆனால் அவர் ஓய்வூதிய வயதை எட்டாதவராக இருந்து, பன்னிரண்டு வயதுக்குக் குறைந்த பேரப்பிள்ளையைப் பார்த்தால், தாயின் பெயரில் விழும் நேஷனல் இன்ஷூரன்ஸ் வரவை அம்மம்மாவின் பெயருக்கு மாற்றலாம். அவருடைய அரச ஓய்வூதியத்துக்கு அது உதவும். வேலைக்குப் போகும் தாய்க்குச் சம்பளத்திலிருந்தே அந்த வரவு விழுந்துவிடுவதால் இழப்பில்லை.

ஜொப் சென்டர் பல ஆண்டுகளாக ‘எந்த வேலையாவது முதலில்’ என்ற போக்கில் இருந்தது. 2023 அக்டோபரிலிருந்து மூன்று முதல் பன்னிரண்டு வயது வரை பிள்ளை உள்ள, அந்தப் பிள்ளையை முதன்மையாகப் பார்த்துக்கொள்ளும் பெற்றோரிடம் வாரம் 30 மணி நேரம் வரை எதிர்பார்க்கிறார்கள். இந்த ‘வரை’ முக்கியம். பிள்ளை பள்ளியில் இருக்கும் நேரத்துக்கும் போய்வரும் நேரத்துக்கும் பொருந்தும் அளவுக்கு மணி நேரத்தைக் குறைக்க விதியில் இடமுண்டு. பள்ளி 3.15 க்கு விடுகிறது, வேலைக்கு முக்கால் மணி நேரப் பஸ், கிளப்பில் இடமில்லை என்று காரணத்தை ஒவ்வொன்றாகச் சொல்லி, ஜொப் சென்டரோடு செய்யும் ஒப்பந்தத்தில் (என்ன வேலை, எத்தனை மணி நேரம் தேடுவீர்கள் என்ற உறுதிமொழி) எழுதிய பிறகு ‘ஏற்கிறேன்’ என்று அழுத்துங்கள்.

கையில் காசு வேலை பற்றி ஒரு வார்த்தை. பேஸ்லிப்பில் 8 மணி நேரம், மிச்சம் உறையில் என்று சில கடைகளில் நடக்கிறது. உறைக் காசை மறைத்தால் மோசடி, பிடிபட்டால் திருப்பிக் கட்டவேண்டும். அதைவிட, கணக்கில் 8 மணி நேரம்தான் என்பதால் உச்ச வரம்பு எடுபடாது, 30 மணி நேரப் பராமரிப்பும் இல்லை, பென்ஷனும் இல்லை. மேலே சொன்ன தாய் இப்படிச் செய்தால் உறைக்குள் வாங்கும் காசுக்காக மாதா மாதம் 383 பவுண்டை விட்டுக்கொடுக்கிறார். முதலாளி செய்த உபகாரம் என்று இதை நினைப்பவர்களிடம்தான் நான் அதிகம் வாதாடுகிறேன்.

டெலிவரி, மினிகாப் ஓடும் அண்ணன்மாருக்குக் கணக்கு வேறு. முதல் 12 மாதத்துக்குப் பிறகு, முழுநேரம் ஓடவேண்டியவர் என்றால், உண்மையில் உழைத்தது குறைவானாலும் 35 மணி நேரக் குறைந்தபட்சச் சம்பளம் வந்ததாகவே வைத்து யூசியைக் கணிப்பார்கள். காருக்கு மாதம் முதல் 833 மைலுக்கு மைலுக்கு 45 பென்ஸ், அதற்கு மேல் 25 பென்ஸ் செலவாகக் காட்டலாம். மைல் குறிக்காமல் பெட்ரோல் பில்லை மட்டும் சேர்த்து வைப்பவர்கள் நிறையப் பேர்.

2025 நவம்பர் வரவுசெலவுத் திட்டத்தில் இரண்டு பிள்ளை வரம்பை (முதல் இரண்டு பிள்ளைகளுக்கு மட்டுமே யூசியில் பணம் என்ற விதி) 2026 ஏப்ரலோடு எடுப்பதாக அறிவித்தார்கள். நல்ல செய்தி. ஆனால் உச்ச வரம்பு அப்படியே இருக்கிறது. ஏற்கெனவே அதில் முட்டி நிற்கும் வீட்டுக்கு மூன்றாவது பிள்ளையின் பணம் ஒரு வாசலால் வந்து மறு வாசலால் போய்விடும். அந்த வீடுகள்தான் 846 என்ற எண்ணை முதலில் பார்க்கவேண்டும். அது 2025–26 க்கான எண், ஏப்ரலில் குறைந்தபட்சச் சம்பளம் கூடும்போது இந்த எண்ணும் கூடும் என்பதையும் மறக்கவேண்டாம்.

இவ்வளவுக்கும் முன்னால் வீசாவைப் பாருங்கள். பொது நிதி எடுக்கத் தடை என்று அதில் இருந்தால் யூசியும் சைல்ட் பெனிபிட்டும் கேட்கக்கூடாது. பராமரிப்பு வேலை வீசாவில் வந்தவர்கள் பலருக்கு இந்தத் தடை உண்டு.

கடைசியாக, ஜொப் சென்டருக்குப் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போகாதீர்கள். பதினொரு வயதுப் பெடியன் அம்மாவுக்கும் வேர்க் கோச்சுக்கும் (ஜொப் சென்டர் அலுவலர்) நடுவில் இருந்து, “அம்மா, இரவு வேலை ஓகேயா எண்டு கேக்கினம்” என்று சொல்கிறான். அம்மா தலையை ஆட்டுகிறார். அது ஒப்பந்தத்தில் ஏறிவிடுகிறது. தொலைபேசியில் தமிழ் மொழிபெயர்ப்பாளரை இலவசமாகத் தருவார்கள், சந்திப்புக்கு முன்பே ஜேர்னலில் எழுதிக் கேட்கவேண்டும். வெட்டு ஏதும் தவறாக விழுந்தால் முடிவு வந்த திகதியிலிருந்து ஒரு மாதத்துக்குள் மறுபரிசீலனை கேளுங்கள். கேட்கும்போது பேஸ்லிப்பையும் சம்பளம் விழுந்த நாள் தெரியும் வங்கிப் பக்கத்தையும் சேர்த்து அனுப்புங்கள்.