படம் ஒரு தட்டில், குரல் ஒரு தட்டில்

'பாரிஸ், டெக்சாஸ்' (1984) படத்தின் பிற்பகுதியில் ஒரு நீண்ட பேச்சு வரும். ஒரு பக்கம் இருந்து மட்டுமே பார்க்க முடிகிற கண்ணாடித் தடுப்புக்கு இந்தப் பக்கம் இருந்து நாயகன் ட்ராவிஸ் தொலைபேசியில் பழைய கதையைச் சொல்கிறான். அந்தப் பக்கம் அவனைப் பிரிந்த மனைவி ஜேன், அவனைப் பார்க்க முடியாமல் கேட்டுக்கொண்டிருக்கிறாள். குரல் அவனுடையது, திரையில் வெகுநேரம் இருப்பது அவள் முகம். பேசுகிறவனை விட்டுக் கேட்கிறவளிடம் எப்போது போவது என்பதுதான் எடிட்டரின் கேள்வி. இந்தப் படத்தின் எடிட்டர் பீட்டர் ப்ஷிகோடா. 1941இல் பெர்லினில் பிறந்தவர். இதன் இயக்குநர் விம் வெண்டர்ஸின் முதல் முழுநீளப் படம் (1970) தொடங்கி 2008 வரை அவருடைய பல படங்களைத் தொகுத்தவர். 2011இல் மறைந்தார்.

முகத்தையும் குரலையும் இப்படிப் பிரிக்க வழிசெய்தது ஒரு மேசை. ஹாம்பர்க்கில் உருவான ஸ்டீன்பெக் வகை எடிட்டிங் மேசையில் வட்டத் தட்டுகள் படுக்கைவாட்டில் சுழலும். ஒரு ஜோடித் தட்டில் படச்சுருள், பக்கத்து ஜோடியில் ஒலிச்சுருள். ஒலிச்சுருள் என்பது காந்தப் பூச்சு கொண்ட, ஓரத்தில் துளையிட்ட தனி நாடா. கிளாப் பலகை மூடும் ஃபிரேமையும் அந்த ஓசையையும் நேருக்கு நேர் வைத்துப் பூட்டிவிட்டால், எந்தப் பக்கம் ஓட்டினாலும் உதடும் சொல்லும் பிசகாது. பிறகு ஒலியைத் தொடாமல் படத்தை மட்டும் வெட்டலாம். அவன் முகத்தில் 3 விநாடி எடுத்தால் அவள் முகத்தில் அதே 3 விநாடி வைக்க வேண்டும். அதாவது விநாடிக்கு 24 ஃபிரேம் கணக்கில் 72 ஃபிரேம், 35 மி.மீ. பிலிமில் சுமார் 1.37 மீட்டர். ஒரு ஃபிரேம் கூடினாலும் குறைந்தாலும் அதற்குப் பின் வரும் வசனமெல்லாம் தள்ளிப்போகும்.

தியேட்டரின் பிலிம் ப்ரொஜெக்டர் ஒவ்வொரு ஃபிரேமையும் இழுத்து, நிறுத்திக் காட்டி, மறுபடி இழுக்கும். நாள் முழுக்க முன்னும் பின்னும் ஓடும் பிலிம் இதைத் தாங்காது, துளைகள் கிழிந்துவிடும். ஸ்டீன்பெக்கில் பிலிம் நிற்காமலே ஓடுகிறது. அதன் பாதையில் பல முகம் கொண்ட கண்ணாடிப் பட்டகம் ஒன்று கூடவே சுழன்று, பிலிம் நகரும் அளவுக்குப் பிம்பத்தை எதிர்த்திசையில் தள்ளிவிடுகிறது. அதனால் சிறுதிரையில் படம் ஆடாமல் நிற்கிறது. சினிமா இயந்திரங்களிலேயே எனக்கு மிகவும் பிடித்த யோசனை இது.

வெட்ட வேண்டிய இடத்தை மெழுகுப் பென்சிலால் குறித்து, இரு ஃபிரேம்களுக்கு நடுவே வெட்டி, ஒளிபுகும் டேப்பால் ஒட்டுவார்கள். மனம் மாறினால் பிரித்துவிடலாம்.

எங்கே குறிப்பது என்பதில் கண்ணுக்கும் பங்கு உண்டு. புது ஷாட் வந்ததும் கண் புது இடத்துக்குத் தாவத் தொடங்கவே சுமார் 200 மில்லி விநாடி, ஏறக்குறைய 5 ஃபிரேம், ஆகும். பழைய ஷாட்டில் கண் நின்ற இடத்திலேயே புது ஷாட்டின் முக்கியப் பொருளும் இருந்தால் வெட்டு உறுத்தாது. ப்ஷிகோடா தொகுத்த 'இம் லாஃப் டேர் சைட்' (1976) போன்ற படத்தில் சிக்கல் வேறு. கிழக்கு, மேற்கு ஜெர்மனி எல்லையோரமாக ஊர் ஊராய்ப் போய் ப்ரொஜெக்டர் பழுதுபார்க்கிறவனின் கதை. ஏறக்குறைய மூன்று மணி நேரம், கறுப்பு வெள்ளை. அகலமான ஷாட்டில் லாரி போகிறது. கண் முதலில் லாரியைப் பார்க்கும், பிறகு சாலையை, வானத்தை, வயல் ஓரத்தை. சீக்கிரம் வெட்டினால் கண் பாதி வழியில் நின்றுபோகும். மிகவும் தாமதித்தால் எல்லாம் பார்த்து முடித்துக் களைத்து, திரையை விட்டே விலகிவிடும். ப்ஷிகோடாவின் வெட்டுகள் பெரும்பாலும் இந்த இரண்டுக்கும் நடுவே, கொஞ்சம் தாமதத்தின் பக்கமாகவே விழுகின்றன என்று எனக்குப் படுகிறது.