செட் போடுபவரைக் கடைசியில் கூப்பிடாதீர்கள்

போன வாரமும் ஒரு போன். கதை முடிந்தது, நடிகர்கள் முடிவாகிவிட்டார்கள், ஷாட் பிரித்துக்கூட வைத்துவிட்டார்களாம். "பன்னிரண்டு நாளில் ஷூட்டிங். பின்னாடி கலரா ஏதாவது போட்டுக் கொடுங்க." இந்த 'பின்னாடி' என்ற வார்த்தையைக் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது. அதனால்தான் செட்டும் உடையும் வடிவமைத்த ஹைன் ஹெக்ரோத்தைப் பற்றி எழுதுகிறேன்.

1901இல் ஜெர்மனியின் கீசன் நகரில் பிறந்த ஓவியர். 1920களிலேயே மேடைக்கு வந்துவிட்டார். 1932இல் குர்ட் யோஸ் அமைத்த 'பச்சை மேசை' நடனத்துக்கு உடை இவர் செய்தது. பேச்சுவார்த்தை மேசையைச் சுற்றி முகமூடி போட்ட கறுப்புக் கோட்டுக் கனவான்கள். முகமூடி அசையாது, உடம்புதான் பேச வேண்டும். துணி எப்படி அசையும், வெளிச்சத்தில் என்ன ஆகும் என்பதெல்லாம் மேடையில் படித்த பாடம். மனைவி யூதர் என்பதால் நாஜிகள் காலத்தில் நாட்டைவிட்டு வெளியேறினார். அடைக்கலம் தந்த பிரிட்டனே 1940இல் எதிரி நாட்டவர் என்று 'டுனேரா' கப்பலில் ஏற்றி ஆஸ்திரேலிய முகாமுக்கு அனுப்பியது.

திரும்பி வந்து படங்களுக்கு உடை வடிவமைத்தார். அப்புறம் 'த ரெட் ஷூஸ்' (1948), ஒரு பாலே நடனக்காரியின் கதையைச் சொல்லும் பிரிட்டிஷ் படம். ஒரு படத்தின் மொத்தக் கலைப் பொறுப்பும் அவர் கைக்கு வந்தது அதில்தான். அதன் நடுவே சுமார் கால் மணி நேரம் ஒரு பாலே வரும். அதற்கு ஹெக்ரோத் காட்சி காட்சியாக வண்ண ஓவியங்கள் தீட்டினார். அவற்றைப் படம்பிடித்து, இசையின் நீளத்துக்கு வெட்டி ஒட்டிப் பார்த்தார்கள். நடனமும் கேமராவும் அதற்கப்புறம்தான் களத்தில் இறங்கின. தெருவில் காற்றில் பறக்கும் செய்தித்தாள் ஒரு ஆணாக மாறி நாயகியோடு ஆடும், மறுபடி வெறும் தாளாகிவிடும். அது உடையா, செட்டா, நடனமா? பிரித்துச் சொல்லுங்கள் பார்ப்போம். இதைப் 'பின்னாடி' போட முடியுமா?

செட் என்றால் நடிகருக்குப் பின்னால் தொங்கும் துணி என்று நினைக்கிறார்கள். அவர் எந்தப் பக்கம் திரும்புவார், எந்தப் படியில் நிற்பார், அவர்மேல் வெளிச்சம் எங்கிருந்து விழும் என்பதையெல்லாம் தீர்மானிப்பது செட்தான். கேமராவை வைத்த பிறகு சுவரை யோசித்தால், சுவர் சுவராகத்தான் இருக்கும். 'த ரெட் ஷூஸ்' படத்துக்காக அதன் கலை இயக்குநர் ஆர்தர் லாசனோடு சேர்ந்து ஹெக்ரோத் வாங்கிய ஆஸ்கர், சுவருக்கு பெயின்ட் அடித்ததற்காகக் கொடுத்ததல்ல.

சரி, தயாரிப்பாளர்களே: கதை கையெழுத்துப் பிரதியாக இருக்கும்போதே வடிவமைப்பாளரிடம் கொடுங்கள். உடைக்காரரையும் அதே மேசையில் உட்கார வையுங்கள். செல்போன் திரையில் பார்த்து நிறம் முடிவு செய்யாதீர்கள், துணியை விளக்கின் கீழே பிடித்துப் பாருங்கள். ஸ்கெட்சுக்குச் செலவாகும் நாட்களை வீண் நாள் என்று கணக்கெழுதாதீர்கள்.

இளம் வடிவமைப்பாளர்களுக்கு ஒரு வேண்டுகோள். மேடையை விட்டுவிடாதீர்கள் தம்பிகளா, தங்கைகளா. ஆஸ்கருக்குப் பிறகும் ஹெக்ரோத் பிராங்க்ஃபர்ட் நகர அரங்குக்குத்தான் திரும்பிப் போனார். 1966இல் ஹிட்ச்காக்கின் 'டோர்ன் கர்ட்டன்' படத்தை வடிவமைத்தபோது அவருக்கு வயது அறுபதைத் தாண்டியிருந்தது.